மாடம்மாள் எறிந்த மாத்திரை

கரமனையில் உலகம்மையின் வீட்டில் மூன்று மாதமாகச் சண்டை மின்விசிறியில்தான் தொடங்கியது. அவளுக்கு நாற்பத்தொன்பது வயது. திடீரென்று நெஞ்சிலிருந்து சூடு கிளம்பி முகம் வரை ஏறும், ரவிக்கை நனைந்துவிடும். கணவர் குற்றாலலிங்கத்துக்கோ சளித்தொல்லை. அவள் போட்டால் அவர் அணைப்பார். தூக்கம் கெட்ட அவள் எரிந்து விழ, அவர் நாகர்கோவிலிலிருந்து தன் அக்கா மாடம்மாளை வரவழைத்தார்.

"இவளுக்கு மண்டைக்கு வழியில்லாம ஆயிப்போச்சுக்கா" என்று நெற்றிப்பொட்டில் விரலைச் சுழற்றிக் காட்டி வாசலிலேயே சொன்னார்.

உலகம்மை தனியாகப் போய் டாக்டர் ரேஷ்மியைப் பார்த்தாள். அவர் எல்லாப் பரிசோதனையும் செய்து ஹார்மோன் மாத்திரை எழுதிக்கொடுத்தார். மூன்றாம் நாள் மாத்திரை அட்டையைக் காணோம்.

"ஓடையில எறிஞ்சாச்சு" என்றாள் மாடம்மாள், வெங்காயம் நறுக்கியபடி. "அதத் தின்னா கேன்சர் வருமாம்."

"என் மாத்திரையத் தொட நீங்க யாரு மைனி?"

"ஏட்டி, ஊர்ல எவளுக்குத் தீட்டு நிக்காம இருக்கு? எல்லாவளும் மாத்திரையா திங்கா?"

உலகம்மை அவள் கையிலிருந்த கத்தியைப் பிடுங்கிக் கீழே வைத்து, கூடத்திலிருந்த கணவரையும் பார்த்தாள். "எழும்புங்க. ரெண்டு பேரும் இப்பமே டாக்டர்ட்ட வாங்க. வரலன்னா நாளைக்கு நான் இந்த வீட்டுல இல்ல."

மூவரும் ஆட்டோவில் டாக்டரிடம் போனார்கள்.

"சேச்சிக்குப் பைத்தியம் ஒண்ணும் இல்ல" என்றார் ரேஷ்மி உலகம்மையைக் காட்டி, மலையாளம் கலந்த தமிழில். "மாதவிலக்கு நிக்கறதுக்குச் சில வருஷம் முன்னாடியே ஹார்மோன் ஏறி இறங்கும். சூடு, வியர்வை, மறதி, கோபம் எல்லாம் அதுலதான். காபி, காரம் குறைக்கணும், தினமும் நடக்கணும். எல்லாருக்கும் மாத்திரை வேண்டாம். சேச்சிக்கு வேணும். கேன்சர் வரச் சின்ன வாய்ப்பு உண்டு. அதுக்குத்தானே பரிசோதிச்சுட்டுக் கொடுத்தேன்? வருஷா வருஷம் பார்ப்போம்."

பிறகு மாடம்மாளிடம் திரும்பினார். "உங்களுக்கு அந்த வயசுல எப்படி இருந்தது?"

மாடம்மாளின் முகம் கோணியது.

"என்னைக் கெட்டுனவரு எங்க அம்ம வீட்டுல கொண்டுவிட்டுட்டாரு. பேய் பிடிச்சிருக்குன்னு வேப்பிலையால அடிச்சாவ. சாமியாடியக் கூட்டிட்டு வந்ததே இந்தா இருக்கானே, இவன்தான். எனக்கு எவன் மாத்திரை வாங்கித் தந்தான்? நான் சகிச்சேம்லா. இவ மட்டும் என்னத்துக்கு சுகமா இருக்கணும்?"

குற்றாலலிங்கம் தரையைப் பார்த்தார். உலகம்மைக்கு இது எதுவும் தெரியாது. ஒரு கணம் மாடம்மாளின் கையைப் பிடிக்கத் தோன்றியது. பிடிக்கவில்லை.

"அதுக்கு என் மருந்தையா எறியணும் மைனி?"

மறுநாள் காலை மாடம்மாள் சொல்லாமலே பஸ் ஏறிவிட்டாள். உலகம்மை புதிதாக மாத்திரை வாங்கிக் கைப்பையிலேயே வைத்துக்கொண்டாள். சில வாரங்களில் சூடு தணிந்தது, தூக்கம் வந்தது. சாமியாடியை அழைத்து வந்த கணவரிடம் மட்டும் பேசவில்லை.

"மாத்திரை தின்னுதியே, கோவம் இன்னும் குறையலியா?" என்று ஒரு நாள் கேட்டார்.

"அது குறைஞ்சாச்சு. இது வேற" என்றாள்.