பட்டாளத்துப் பனியன்

திருப்பூர் அருள்புரத்தில் சதீஷ்குமாரின் பனியன் கம்பெனிக்கும் பொங்கியண்ணனின் கம்பெனிக்கும் நடுவே ஒரே ஒரு சுவர்தான். அந்தச் சுவரிலும் ஒரு கதவு உண்டு. அதற்குப் பூட்டுப் போட்டு யாரும் பார்த்ததில்லை. இந்தப் பக்கம் ஊசி தீர்ந்தால் அந்தப் பக்கம் போய் எடுத்துக்கொள்வார்கள். அந்தப் பக்கம் கரண்ட் போனால் இந்தப் பக்கத்து ஜெனரேட்டரிலிருந்து ஒயர் போகும். ஒருவருக்கு ஆர்டர் கூடிப்போனால் மற்றவர் தைத்துக் கொடுப்பார். திருப்பூரே இப்படித்தான் ஓடுகிறது. நூலாக வந்து இறங்கும் ஒரு பனியன், பெட்டிக்குள் போய்ப் படுப்பதற்குள் ஏழெட்டுக் கூரைகளைப் பார்த்துவிடும். இதை யார் தைத்தது என்று கேட்டால், கேட்டவனைத்தான் ஏற இறங்கப் பார்ப்பார்கள்.

சதீஷ்குமாரிடம் அறுபது மிஷின், தொண்ணூறு ஆள். பொங்கியண்ணனிடம் பன்னிரண்டு மிஷின், பன்னிரண்டு பெண்கள். சதீஷின் அப்பாவும் பொங்கியண்ணனும் ஒன்றாகத் தொழில் பழகியவர்கள். அப்பா போனபிறகு, அடி மடித்துத் தைக்கிற பேட்லாக் மிஷினில் நூல் அறுந்தால் எங்கே கை வைக்க வேண்டும் என்பது முதல் ஆர்டர் தருகிற எந்த பையரிடம் எவ்வளவு பேச வேண்டும் என்பது வரை சதீஷ் அவரிடம் கேட்டுத்தான் செய்வான். மாமா என்றுதான் கூப்பிடுவான். உறவு ஒன்றும் கிடையாது, பழக்கம்தான்.

அமெரிக்காக்காரன் வரியை ஏற்றியபோது இரண்டு பக்கமும் சேர்ந்தே படுத்துவிட்டது. தைத்த பெட்டிகள் தைத்த இடத்திலேயே கிடந்தன. சதீஷின் லைன் சூப்பர்வைசர் அனுசுயா உசிலம்பட்டிப் பக்கத்துக்காரி. இரண்டு பிள்ளைகளையும் பள்ளிக்கூடத்திலிருந்து டி.சி. வாங்கி ஊருக்கு அனுப்ப நாள் பார்த்துக்கொண்டிருந்தாள். அவளைப் போல இன்னும் முப்பது குடும்பம் மூட்டை கட்டத் தயாராக இருந்தது.

அப்போதுதான் கோயமுத்தூரிலிருந்து அந்த ஆர்டர் வந்தது. ராணுவத்துக்குக் கூடாரம், பை, குளிர் உடுப்பு எல்லாம் செய்து கொடுக்கிற ஒரு பெரிய கம்பெனி, பனிமலையில் நிற்கும் சிப்பாய்களுக்குத் தெர்மல் பனியன் தைக்க ஆள் தேடியது. பாதுகாப்புத் தொழில் வருகிறது, ஆயிரக்கணக்கில் வேலை வருகிறது என்று பேப்பரில் படம் போட்டு வரும்போதெல்லாம் சதீஷ் அடுத்த பக்கத்தைப் புரட்டிவிடுவான். அதெல்லாம் லேத்துப் பட்டறை வைத்திருக்கிறவர்கள் பாடு, நாம் என்ன பீரங்கியா தைக்கப் போகிறோம் என்பது அவன் நினைப்பு. பீரங்கிக்குப் பின்னால் நிற்கிறவனும் பனியன் போடுவான் என்பது அவனுக்குத் தோன்றவே இல்லை. பனியன் ஊரில் பிறந்தவனுக்கு இது தோன்றாமல் போனதை என்னவென்று சொல்வது!

மூன்று வருட ஆர்டர். சீசன் கிடையாது, கண்டெய்னர் கிடையாது, டாலர் ஏறுமா இறங்குமா என்கிற கவலை கிடையாது. அனுசுயா டி.சி.யைத் திரும்பக் கொண்டுபோய்ப் பள்ளிக்கூடத்தில் கொடுத்தாள். கம்பெனியில் மறுபடியும் பாட்டுச் சத்தம் கேட்டது.

வேலை தொடங்கும் முன் கோயமுத்தூர் கம்பெனியின் தரப் பரிசோதகர் வந்தார். பெயர் மொக்கைச்சாமி. இருபத்தெட்டு வருடம் பட்டாளத்தில் இருந்து சுபேதாராக ஓய்வு பெற்றவர். சிரிக்கத் தெரியாதவர் இல்லை, ஆனால் வேலை நேரத்தில் சிரிக்க மாட்டார். கண்காணிப்புக் கேமராக்களைப் பார்த்தார், ஆட்களின் பெயர்ப் பட்டியலைப் பார்த்தார், கடைசியில் சுவரில் இருந்த கதவைப் பார்த்தார்.

"இது எங்க போகுது?"

"பக்கத்துக் கம்பெனிக்குங்க. நம்ம மாமாதானுங்க."

"மாமாவா இருந்தாலும் மச்சானா இருந்தாலும் பூட்டிருங்க. பட்டாளத்து உருப்படி. இந்தக் கூரைய விட்டு ஒரு பனியன் வெளிய போச்சுன்னு வைங்க, அன்னைக்கே உங்க ஆர்டர் முடிஞ்சிரும். எண்ணிக்கையில ஒண்ணு குறைஞ்சாலும் அதே கதைதான்."

அன்று பூஜை போட்டு, முதல் துணியின் ஓரத்தில் மஞ்சள் வைக்கப் போன அனுசுயாவையும் தடுத்துவிட்டார். "சாமி கும்பிடுங்க, வேணாங்கல. துணியில ஒரு பொட்டு படக்கூடாது."

சதீஷ் கதவைப் பூட்டினான். சாவியைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டான். எதற்காகப் பூட்டினோம் என்று அந்தப் பக்கம் போய்ச் சொல்லத்தான் வாய் வரவில்லை. சொல்வதற்கு வெட்கமாக இருந்தது. பொங்கியண்ணனும் கேட்கவில்லை.

மாசி மாதம் சிவராத்திரி வந்தது. தென்மாவட்டத்துக்காரர்களுக்குக் குலசாமியைவிட எந்த ஆர்டரும் பெரிதில்லை. நான்கு நாள் என்று சொல்லி ஊருக்குப் போனவர்கள் பத்து நாளாகியும் வரவில்லை. அனுசுயா மட்டும் சொன்ன தேதிக்கு வந்து நின்றாள். இரண்டாயிரம் பனியன்களுக்கு அடி மடித்துத் தைக்கிற வேலை பாக்கி. புதன்கிழமை பரிசோதனை. இருக்கிற ஆட்களை வைத்து எப்படிக் கணக்குப் போட்டாலும் வெள்ளிக்கிழமைக்கு முன் முடியாது.

டீக்கடையில் பொங்கியண்ணனைப் பார்த்தான். அவர் உதவி ஒன்றும் கேட்கவில்லை. ஊர்க்கதை பேசுவதுபோலத்தான் சொன்னார். "பொம்பளைக பன்னண்டு பேரும் காலைல வர்றாங்க கண்ணு. மிஷினைத் தொடச்சு வெக்கறாங்க. மத்தியானத்துக்கு மேல என்ற மூஞ்சியப் பாத்துட்டு ஊட்டுக்குப் போயிடறாங்க."

பக்கத்து ஷெட்டுதானே, அதே நூல், அதே ஊசி, என்ன கெட்டுவிடப் போகிறது என்று சதீஷுக்குத் தோன்றியது. இந்த ஊரில் எவனுக்குத் தோன்றினாலும் அப்படித்தான் தோன்றும். மத்தியானம் சாப்பாட்டு வேளையில், கேமராவுக்கு எட்டாத மூலையில் இருந்த அந்தக் கதவைத் திறந்தான். பனியன் கட்டுகள் அந்தப் பக்கம் போயின.

"மாமா, வெளிய தெரிய வேண்டாமுங்க. எண்ணிக்கையில ஒண்ணுகூடக் குறையக் கூடாதுங்க" என்று சொன்னான். ஏன் என்று சொல்லவில்லை. மஞ்சள் விஷயம் அவன் ஞாபகத்திலேயே இல்லை.

பன்னிரண்டு பெண்களும் இரண்டே நாளில் முடித்துக் கொடுத்தார்கள். பேட்லாக் தையல் ஒவ்வொன்றும் அளவெடுத்த மாதிரி இருந்தது. ஆனால் பொங்கியண்ணனின் மனைவி வேலாத்தாளுக்கு ஒரு வழக்கம் உண்டு. எந்த ஆர்டர் வந்தாலும் தைத்து முடித்த முதல் உருப்படியின் உள்மடிப்பில் கடுகளவு மஞ்சள் வைத்துச் சாமி படத்தடியில் வைத்துவிடுவாள். அதை மற்ற உருப்படிகளின் கட்டோடு சேர்ப்பதில்லை. இந்த முறையும் வைத்தாள். வைத்தபிறகுதான் எண்ணிக்கை குறையக் கூடாது என்று சதீஷ் தம்பி சொன்னது ஞாபகம் வந்தது. சாமி படத்தடியிலிருந்து எடுத்து, நான்காய் மடித்து, கட்டுக்குள்ளேயே திரும்ப வைத்துவிட்டாள்.

புதன்கிழமை மொக்கைச்சாமி வந்தார். கட்டுக்கு ஐந்து வீதம் உருவி மேசைமேல் பரப்பினார். ஒன்றை எடுத்து அடிமடிப்பைத் திருப்பினார். மஞ்சள்.

அவர் சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருந்தால்கூடப் பரவாயில்லை. "இந்த மடிப்பு எங்க தைச்சது?" என்று கேட்டுவிட்டுக் கேமராவை நிமிர்ந்து பார்த்தார். "திங்கள், செவ்வாய் பதிவைப் போடுங்க. பேட்லாக் லைனு."

அந்த இரண்டு நாளும் பேட்லாக் லைனில் பாதி நாற்காலி காலி. அனுசுயாவின் கண் தன்னையறியாமல் கதவுப் பக்கம் போய்த் திரும்பியது. சதீஷ் அவளைப் பார்த்தான். அவளுக்குப் பின்னால் தலைகுனிந்து தைத்துக்கொண்டிருந்தவர்களைப் பார்த்தான். டி.சி.யைத் திரும்பக் கொடுத்துவிட்டு வந்த அன்று அவள் முகம் எப்படி இருந்தது என்பது நினைவுக்கு வந்தது. அடுத்து அவன் வாயிலிருந்து வந்ததை அவனே எதிர்பார்க்கவில்லை.

"எனக்குத் தெரியாதுங்க. பக்கத்துல பொங்கியண்ணன்னு ஒருத்தருங்க. சாப்பாட்டு நேரத்துல எங்க ஆளுக அசந்திருக்கறப்ப, கதவு பூட்டாமக் கெடந்ததப் பாத்து எடுத்துட்டுப் போயிருக்கறாருங்க. தைச்சுக் காட்டி உங்ககிட்ட நேரா ஆர்டர் புடிக்கலாம்னு நெனச்சிருப்பாருங்க."

பொய் என்றால் எப்பேர்ப்பட்ட பொய்! ஒரு நொடியில் காரணத்தோடு சேர்ந்து வந்து விழுந்தது.

மொக்கைச்சாமி ஆள் அனுப்பினார். பொங்கியண்ணன் வருவதற்குக் கால் மணி நேரம் ஆனது. வந்தவரைப் பார்த்ததும் சதீஷுக்குத் தரையில் புதைந்துவிடலாம் போலிருந்தது. முகம் கழுவி, திருநீறு பூசி, மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு வந்திருந்தார். கோயமுத்தூர் கம்பெனிக்காரர் கூப்பிடுகிறார் என்றதும் தையலைப் பார்த்து மெச்சித்தான் கூப்பிடுகிறார் என்று நினைத்துவிட்டார். மனுஷன் கையில் தன் கம்பெனி கார்டுகூட இருந்தது.

மொக்கைச்சாமி பனியனைக் காட்டினார். சதீஷ் சொன்னதை அப்படியே திருப்பிச் சொன்னார். "உண்மையா?"

பொங்கியண்ணன் சதீஷை ஒருமுறை பார்த்தார். கோபமாகப் பார்த்திருந்தால் அவன் தாங்கியிருப்பான். சொன்னதைச் சரியாகக் கேட்டுக்கொண்டோமா என்று பார்க்கிற பார்வையாக இருந்தது. பிறகு கார்டைச் சட்டைப் பையில் வைத்தார்.

"ஆமாங்க. நாந்தானுங்க எடுத்துட்டுப் போனேன். தம்பிக்கு ஒண்ணும் தெரியாதுங்க."

மொக்கைச்சாமி எழுதிய தாளில் கையெழுத்தும் போட்டுக் கொடுத்தார். இரண்டாயிரம் பனியனும் தள்ளுபடி. புதிதாகத் தைத்துக் கொடுக்கப் பத்து நாள் கெடு. ஆர்டர் பிழைத்தது.

பொங்கியண்ணன் பிழைக்கவில்லை. இந்த ஊரில் அடுத்தவன் துணியை வாங்கித் தைக்கிறவனுக்கு நாணயம்தான் முதல். பட்டாளத்துத் துணியையே கிளப்பிக்கொண்டு போனவர் என்று பேச்சு, பனியன் சந்தையான காதர்பேட்டை வரைக்கும் போய்விட்டது. அதற்குப் பிறகு ஒருத்தரும் அவரிடம் ஒரு கட்டுகூடக் கொடுக்கவில்லை. இரண்டு மாதத்தில் மிஷின்கள் பழைய மிஷின்காரரின் வண்டியில் ஏறின. சதீஷ் ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டே நின்றான். பன்னிரண்டு பெண்களையும் வேலைக்குச் சேர்த்துக்கொண்டான். அதைச் செய்துவிட்டால் மனம் ஆறும் என்று நினைத்தான். ஆறவில்லை. அந்தப் பெண்கள் அவன் முகத்தைப் பார்த்துப் பேசுவதில்லை.

ஆர்டர் இரட்டிப்பானது. பேப்பர்க்காரர்கள் வந்து, வரியால் படுத்த தொழிலைப் பாதுகாப்புத் துறை தூக்கி நிறுத்தியதற்கு உதாரணம் என்று சதீஷைப் படம் எடுத்துப் போட்டார்கள். இடம் போதவில்லை. பக்கத்து ஷெட் காலியாகத்தான் கிடந்தது. கேட்டு வர அனுசுயாவை அனுப்பினான். தானே போக அவனுக்குத் தைரியம் இல்லை. வேலாத்தாள் சாவியை எடுத்து வந்து அவள் கையில் வைத்தாளாம்.

கதவு இருந்த சுவரை இடித்தார்கள். மொக்கைச்சாமி வந்து புது இடத்தைச் சுற்றிப் பார்த்தார். அந்தப் பன்னிரண்டு பெண்களும் பழைய இடத்திலேயே உட்கார்ந்து அதே மடிப்பைத் தைத்துக்கொண்டிருந்தார்கள். பரிசோதனை முடிந்த நேரம் என்பதால் அவர் கொஞ்சம் சிரித்த முகமாக இருந்தார். கையெழுத்துப் போட்டுக்கொண்டே சொன்னார்.

"அன்னைக்கு உங்களுக்கு ஆள் பத்தலைன்னா ஒரு லெட்டர் எழுதியிருக்கலாமே தம்பி. பக்கத்து ஷெட்டையும் சேத்துக்கங்கன்னு. வந்து பாத்துட்டு ஒரே நாள்ல சேத்துக் குடுத்திருப்பேன். அந்தப் பெரியவர் பேரும் பட்டியல்ல ஏறியிருக்கும். தையல் நல்லாத்தான இருந்துச்சு."

அவருக்கு எல்லாம் தெரியுமோ என்று சதீஷுக்குச் சந்தேகமாக இருந்தது. ஒரு லெட்டர். வாயால் சொல்லியே எல்லா வேலையையும் முடிக்கிற ஊரில் பிறந்தவனுக்கு அது ஒன்றுதான் தெரியாமல் போயிற்று. காலம் முழுக்க அந்த ஒரு தாளை நினைத்து நினைத்து வேக வேண்டியதுதான்.

அன்று சாயங்காலம் பொங்கியண்ணன் வீட்டுக்குப் போனான். அவர் வாசலில் கட்டிலில் உட்கார்ந்து முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தார். வேலாத்தாள் உள்ளே போய்த் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்துவிட்டு உள்ளேயே நின்றுகொண்டாள். சதீஷ் லெட்டர் விஷயத்தைச் சொன்னான். "என்னை நாலு அறை அறைஞ்சிருங்க மாமா" என்றான்.

பொங்கியண்ணன் கீரைக் காம்பைக் கீழே போட்டார்.

"லெட்டரு கெடக்குது வுடு கண்ணு. எனக்கும்தான் தெரியாது. தொண்ணூறு ஊட்டுச் சோறு. நீ செஞ்சதைத் தப்புன்னு நான் ஒருத்தருகிட்டயும் சொன்னதில்லை."

இன்னொரு காம்பை எடுத்து உருவினார்.

"ஒண்ணே ஒண்ணுதான். அவிய என்னையக் கூப்படறதுக்கு முன்னால, அந்தக் கதவைத் தட்டி, மாமா இப்படியாயிப் போச்சுன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தீன்னா, நானே வந்து நாந்தான் எடுத்தேன்னு சொல்லியிருப்பனே. உன்ற வாயால திருடன்னு சொல்லி, அதைப் போயி நான் வெள்ளைச் சட்டை போட்டுட்டு நின்னு கேட்டனே கண்ணு."

உள்ளே வேலாத்தாள் மூக்கைச் சிந்துகிற சத்தம் கேட்டது. பொங்கியண்ணன் எழுந்து வேட்டியை உதறிக் கட்டிக்கொண்டார்.

"வந்தது வந்துட்டே. சோறு உண்ணீட்டுப் போ" என்றார்.