ஃப்ரிட்ஜின் சுருதி

என் தம்பி எடுத்த முதல் படத்துக்கு நான்தான் இசை, நான்தான் ஒலி. அக்கா என்பதால் கிடைத்த வேலை என்று சிலர் முணுமுணுத்தார்கள். என்னைவிட நன்றாகச் செய்கிற ஆள் கிடைத்திருந்தால் தம்பியே என்னைக் கழற்றிவிட்டிருப்பான், அவனை எனக்குத் தெரியும்.

கடைசிக் காட்சியில், கணவனை இழந்த பெண் சமையலறையில் தனியாக உட்கார்ந்து சாப்பிடுகிறாள். அதை எங்கள் அம்மாவின் சமையலறையிலேயே எடுத்தான். அங்கே ஒரு கிழட்டு ஃப்ரிட்ஜ் நாள் முழுக்க முனகிக்கொண்டிருக்கும். அந்த முனகலையே சுருதியாக வைத்து, அதன்மேல் ஒற்றை வயலினை ஓடவிட்டேன். இருபது வருடத்தில் இவ்வளவு பொருத்தமாக நான் எதுவும் செய்ததில்லை.

படத்தை அனுப்ப வேண்டிய நாள் காலையில் தம்பி என் ஸ்டூடியோவுக்கு வந்தான். அம்மாவும் படம் பார்க்கக் கூடவே வந்திருந்தாள். முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு கடைசிக் காட்சியைப் போட்டுக் காட்டினான். வயலின் அந்தரத்தில் தொங்கியது.

"ஒட்டவே இல்லக்கா. உன் மியூசிக்கைத் தூக்கிடலாம். வேற ஒண்ணு வாங்கி வச்சிருக்கேன்."

எனக்குக் கோபம் மூக்குக்கு மேல் வந்தது. நான் வாயைத் திறப்பதற்குள் அம்மா கேட்டாள்.

"ஏன்டா, படம் எடுத்த அன்னைக்குக் கரண்ட் போயிருந்துதா?"

விளக்கு எரிகிறதே, தெரியவில்லையா என்றான் தம்பி.

"அப்ப ஃப்ரிட்ஜ் ஏன் ஓடல?"

அது வெறும் இரைச்சல், நேற்று உட்கார்ந்து சுத்தமாக நீக்கிவிட்டேன் என்று அவன் பெருமையாகச் சொன்னான். நான் அவனோடு மல்லுக்கு நிற்கவில்லை. படப்பிடிப்பில் பதிவான மூல ஒலியை எடுத்து, அதன் இடத்தில் திரும்ப வைத்து, காட்சியை ஓடவிட்டேன். ஃப்ரிட்ஜ் முனகியது. வயலின் அதன்மேல் சம்மணமிட்டு உட்கார்ந்தது.

அம்மா முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

"அப்பா போய், நீங்களும் ஆளுக்கொரு பக்கம் கிளம்பினப்புறம், வீட்டுல எனக்கு இந்தச் சத்தம்தான் துணை."

தம்பி, வாங்கி வைத்திருந்த இசையைத் தன் கையாலேயே அழித்தான்.

"உன்னுதே இருக்கட்டும்க்கா."

அவன் அப்படித்தான் சொல்வான் என்று எனக்குத் தெரியும். என் காதில் அவ்வளவு நம்பிக்கை எனக்கு. ஆனால் அந்தச் சத்தத்தை மூன்று மாதம் கேட்டு இசையமைத்த நான், அதை அம்மா தனியாகக் கேட்டுக்கொண்டிருக்கிறாள் என்று ஒருநாளும் நினைத்ததில்லை.