முதல் வாய்

ஜம்புநாதன் ஊறுகாய்த் துண்டு ஒன்றைக் குச்சியால் குத்தி எடுத்து வாயில் போட்டுக்கொண்டார். பக்கத்தில் அலமு, கைப்பையை மார்போடு அணைத்தபடி, அவர் தலையையே பார்த்துக்கொண்டு நின்றாள். அவர் மென்றார், கண்ணை இடுக்கினார், பிறகு தலையை மேலும் கீழுமாக ஆட்டினார். அதற்கப்புறம்தான் அவள் கை நீண்டது. கூட வந்திருந்த பேராசிரியர்களும் அவர்கள் மனைவிமாரும் இதை வேடிக்கை பார்த்தார்கள். இந்தியாவில் புருஷனுக்கு மரியாதை செய்கிற முறை இது போலிருக்கிறது என்று டெக்ஸாஸிலிருந்து வந்த ஒருத்தி தன் புருஷன் காதில் சொன்னாள். மரியாதையாவது மண்ணாங்கட்டியாவது! அலமுவுக்கு அது உயிர் போகிற சமாச்சாரம்.

எழுபத்து நாலாம் வருஷம், அக்டோபர் மாதம். மாண்ட்ரியாலில் உலோகவியல் சொல்லிக்கொடுக்கிற ஜம்புநாதனை கியோத்தோவில் ஒரு மாநாட்டுக்குக் கூப்பிட்டிருந்தார்கள். மனைவியையும் அழைத்துக்கொண்டு வரலாம் என்றதும், உலகத்தின் இந்த மூலையைப் பார்க்க இனி எப்போது வாய்க்கப்போகிறது என்று அலமுவும் கிளம்பிவிட்டாள். மாண்ட்ரியாலில் நோத்ர-டாம்-த-கிரேஸ் பேட்டையிலிருந்த வீட்டிலிருந்து கட்டிக்கொண்டு வந்த அவலும் பருப்புப்பொடியும் பாதியிலேயே தீர்ந்துபோயின. அப்புறம் ரொட்டி, வாழைப்பழம், மறுபடியும் ரொட்டி. மாநாட்டின் கடைசி நாள் பிற்பகலில் பழைய சந்தையைச் சுற்றிக்காட்டி, கடைக்குக் கடை ருசி பார்க்க வைப்பதாக நிகழ்ச்சிநிரலில் போட்டிருந்ததைப் பார்த்தபோது அவளுக்கு அழுகையும் வந்தது, சிரிப்பும் வந்தது. வெறும் வயிற்றோடு மற்றவர்கள் வாயைப் பார்க்க ஒரு சுற்றுலா!

சந்தை ஒரே ஒரு நீளமான சந்துதான். மேலே கூரை, இரண்டு பக்கமும் தோளை உரசும் கடைகள். மஞ்சள் துணிக் கொடியைத் தூக்கிப் பிடித்தபடி முன்னால் போன வழிகாட்டி ஹயாஷி அம்மாளுக்கு ஐம்பது வயதிருக்கும். நீலக் கோட்டும் பாவாடையும் போட்டுக்கொண்டு, நல்ல நிதானமான ஆங்கிலம் பேசினாள். புறப்படும்போதே ஜம்புநாதன் அவளைத் தனியாகக் கூப்பிட்டு, தன் மனைவி மீன், மாமிசம், முட்டை எதையும் தொடமாட்டாள் என்று சொல்லியிருந்தார். அதைக் கேட்டதிலிருந்து அந்த அம்மாளுக்கு இருப்புக்கொள்ளவில்லை. கண்ணை விழித்துக்கொண்டு கிடந்த மீன்களைத் தாண்டும்போது அலமுவைத் தன் உடம்பால் மறைத்துக்கொண்டு போனாள். தவிட்டில் புதைத்த ஊறுகாய்ப் பீப்பாய் பக்கம் அவளைத்தான் முதலில் நிறுத்தினாள். வறுத்த கஷ்கொட்டை கிடைத்தது, பச்சைத் தேயிலை கிடைத்தது. மஞ்சளாகச் சுருட்டிய ஒன்றைக் கடைக்காரன் நீட்டினான். ஜம்புநாதன் ஒரு விள்ளல் வாயில் போட்டதும் தலை இடமும் வலமுமாகப் போனது. முட்டை. அலமு கையைப் பின்னால் கட்டிக்கொண்டாள்.

இந்தத் தலையசைப்பை நம்பித்தான் அவள் அந்தக் காலத்தில் கடல் தாண்டி மாண்ட்ரியாலுக்கே வந்தாள். கல்யாணமான கையோடு கூப்பிட்டபோது வரமாட்டேன் என்று ஒரே பிடிவாதம் பிடித்தவள் அவள். எதில் எதைக் கலப்பார்களோ, யாருக்குத் தெரியும்? அப்போது ஜம்புநாதன் சொன்னார்: "என் வாயைத் தாண்டித்தான் எதுவும் உன் வாய்க்கு வரும். போறுமா?" புருஷன் எச்சில் பெண்டாட்டிக்கு எச்சில் இல்லை. அந்தச் சலுகையை அவர் இப்படி உபயோகப்படுத்துவார் என்று யார் கண்டார்கள்! அன்றிலிருந்து விருந்து என்றால் முதல் வாய் அவருடையது. மாண்ட்ரியாலில் எக்ஸ்போ என்று உலகக் கண்காட்சி நடந்த கோடையில் தேசத்துக்கு ஒரு கூடாரமாக அவள் ஏறி இறங்கியது அந்தத் தலையை நம்பித்தான். ஒருமுறை அவருடைய சக பேராசிரியர் வீட்டில் வெறும் பட்டாணி என்று சொல்லிக் கொடுத்த சூப்பை ஒரே ஸ்பூனில் கண்டுபிடித்துத் தள்ளிவைத்தார். பன்றி எலும்பு போட்டுக் கொதிக்க வைத்ததாம். வீட்டுக்காரி வாயைப் பிளந்தாள். ஊருக்கு வெளியே கர்க்லாண்டில் இருக்கும் சிநேகிதி அம்புஜத்துக்கு ஃபோன் போட்டு, "எங்காத்துக்காரர் நாக்குல எக்ஸ்ரே மெஷினே இருக்குடீ" என்று அலமு பெருமையடித்துக்கொண்டாள்.

சந்தின் பாதியில் ஒரு சின்ன கடை. வாசலில் செப்புப் பாத்திரத்தில் ஏதோ கொதித்துக்கொண்டிருந்தது. மூக்கில் சூடாக ஏறிய மணத்தில் அலமுவின் கால் தானாக நின்றது. ஹயாஷி அம்மாள் முகமெல்லாம் சிரிப்பாகத் திரும்பினாள். "இது உங்களுக்குத்தான். முள்ளங்கி. சோயா பால்கட்டி. மீன் இல்லை, மாமிசம் இல்லை" என்றாள். மரக் கிண்ணத்தில் பால் வெள்ளையாக ஒரு கனத்த வில்லை முள்ளங்கி, பக்கத்தில் பொரித்த பால்கட்டி, தெளிந்த சாறு. ஜம்புநாதன் கிண்ணத்தை வாங்கிச் சாற்றை உறிஞ்சினார். அவர் தாடை ஒரு கணம் நின்றது. சூடு போலிருக்கிறது என்று அலமு நினைத்தாள். அவர் கிண்ணத்தைப் பார்த்தார், அவளைப் பார்த்தார். பிறகு தலையை மேலும் கீழுமாக ஆட்டினார்.

அவள் சாப்பிட்டாள். முள்ளங்கி நாக்கில் பட்டதும் கரைந்தது. சாறு தொண்டையில் இறங்கிய இடமெல்லாம் சூடு பரவியது. இப்படி ஒரு ருசியை அவள் அறிந்ததே இல்லை. புளிப்பில்லை, காரமில்லை, பெயர் சொல்லத் தெரியவில்லை. கிண்ணத்தைத் தூக்கிக் கடைசிச் சொட்டுவரை குடித்துவிட்டு, வெட்கத்தை விட்டு, "இன்னும் ஒண்ணு கேக்கலாமா, ஏன்னா?" என்றாள். ஜம்புநாதன் பக்கத்துக் கடைப் பக்கம் திரும்பிக்கொண்டார். ஹயாஷி அம்மாள்தான் சந்தோஷம் தாங்காமல் இன்னொரு கிண்ணம் வாங்கிக்கொடுத்தாள். அதையும் சாப்பிட்டாள்.

சந்தின் கோடியில் உலர்ந்த சாமான் கடை. கிழவர் ஒருவர் பழுப்புக் கட்டை ஒன்றை இழைப்புளி பதித்த பெட்டியின்மேல் தேய்த்துக்கொண்டிருந்தார். கட்டையோடு கட்டை தட்டினால் டக்கென்று மரச்சத்தம். பெட்டிக்குள் ரோஜா நிறத்தில் சுருள் சுருளாகச் சீவல் விழுந்தது. அலமு ஒரு சீவலை எடுத்து மோந்து பார்த்தாள். ஹோமப் புகை மாதிரி இருந்தது. சந்தனக்கட்டை போல இந்த ஊரில் ஏதோ வாசனைக்கட்டை என்று எண்ணி, அம்புஜத்துக்கும் பூஜைக்கு ஒரு கட்டை வாங்கிக்கொண்டு போகலாமே என்று, "என்ன மரம் இது?" என்று ஆங்கிலத்தில் கேட்டாள்.

"மரமில்லை, மீன்" என்றாள் ஹயாஷி அம்மாள். மாதக்கணக்காகப் புகையில் போட்டு உலர்த்துவது, எங்கள் சமையலுக்கே இதுதான் ஆதாரம் என்றெல்லாம் பெருமையாகச் சொல்லிக்கொண்டே போனவள், "நீங்கள் ரசித்துச் சாப்பிட்டீர்களே முள்ளங்கி, அந்த ருசி இதிலிருந்துதான்" என்று முடித்தாள். முடித்த பிறகுதான் அலமுவின் முகத்தைப் பார்த்தாள். கொடி கையிலிருந்து நழுவியது. "மீன் துண்டு இல்லாததைத்தான் தேடினேன்… சாறு… சாறு கூடாதென்று…" என்று சொல்லி இடுப்பு வளையக் குனிந்தாள், நிமிர்ந்து மறுபடியும் குனிந்தாள்.

அலமு சந்தின் ஓரத்துக்குப் போய், சுவரைப் பிடித்துக்கொண்டு தலையைத் தொங்கப்போட்டாள். ஒன்றும் வரவில்லை. வயிறு எதையும் திருப்பித் தருவதாக இல்லை, சமர்த்தாகச் சூட்டோடு அடங்கிக் கிடந்தது. அதுதான் அவளுக்குத் தாங்கவில்லை. வாயில் இன்னும் அந்த ருசி இருந்தது, நன்றாகவே இருந்தது. ஐயோ, இந்த நாக்கை என்ன செய்வது! குனிந்துகொண்டே நின்ற ஹயாஷி அம்மாளின் தோளைத் தொட்டு நிமிர்த்தி, "உங்கள் தப்பு இல்லை" என்றாள். பிறகு திரும்பி ஜம்புநாதனைப் பார்த்தாள். அவர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ஹோட்டல் அறைக்கு வந்து, அவள் வாய் கொப்பளித்து, தலைக்குக் குளித்து, ஈரத்தலையோடு கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தாள்.

"தெரிஞ்சுதா உங்களுக்கு?"

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். தெரியாது என்று சொல்லிவிட்டால் அத்தோடு முடிந்தது. ஆனால் தெரியாது என்றால் இத்தனை வருஷத் தலையசைப்பு வெறும் குருட்டாட்டம். எதையெதைத் தின்றாளோ! தெரியும் என்றால் அது இன்னொரு பள்ளம். மீனே அறியாத நாக்குக்கு மீன் எப்படித் தெரியும்? பன்றி எலும்பு எப்படித் தெரிந்தது? இத்தனை காலம் இதைக் கேட்கவேண்டும் என்று தனக்குத் தோன்றவே இல்லையே என்று அவள் தன்னையே நொந்துகொண்டாள்.

"தெரிஞ்சுது" என்றார் அவர்.

"எப்படி?"

"நீ வரதுக்கு முன்னாடி. முதல் குளிர்காலம். வீட்டுக்காரம்மா என்ன வெச்சாளோ அதைத்தான் சாப்டணும். வெள்ளிக்கிழமைன்னா மீன். மத்த நாள்ல அந்தப் பட்டாணி சூப். பசி, அலமு. வெளியில பனி. வேற வழி தெரியலை. நீ வந்து இறங்கின அன்னியோட விட்டுட்டேன். நாக்குதான் மறக்க மாட்டேங்கறது."

அவள் தலைமுடியிலிருந்து தண்ணீர் சொட்டிப் புடவை நனைந்தது. அவர் அப்போது தின்றது அவளுக்குப் பெரிதாகவே படவில்லை. பனியில் தனியாக நின்ற இருபத்தைந்து வயதுப் பையன் மேல் என்ன கோபம்? அவள் பயம் வேறு.

"பின்ன ஏன் ஆட்டினேள்?"

"ஒரு வாரமா நீ பட்டினி. அந்தக் கிண்ணத்துலேர்ந்து ஆவி வந்தப்போ உன் மூஞ்சியைப் பார்த்தேன். வேண்டாம்னு ஆட்ட எனக்குக் கழுத்து வரலை."

"இதுக்கு முன்னாடி எத்தனை தடவை இப்படி என் மூஞ்சியைப் பார்த்து ஆட்டியிருக்கேள்?"

"சத்தியமா இதான் முதல் தடவை."

இருக்கலாம். இல்லாமலும் இருக்கலாம். பொய் சொன்ன தலையே சத்தியமும் செய்தால் எதைப் பிடித்துக்கொள்வது என்று அவளுக்கு விளங்கவில்லை. அவள் அழுதாள். அவர் துண்டை எடுத்து வந்து பக்கத்தில் வைத்துவிட்டு ஜன்னலண்டை போய் நின்றார்.

மறுநாள் காலை புறப்படும் நேரத்தில் ஹயாஷி அம்மாள் ஹோட்டல் வாசலில் காத்துக்கொண்டிருந்தாள். துணியில் முடிந்த ஒரு பொட்டலத்தை இரண்டு கையாலும் நீட்டினாள். உள்ளே கருத்துத் தடித்த பட்டை பட்டையாக ஏதோ. "கடல் செடி. செடி மட்டும்தான். கோயில் சாமியார்களுக்கு இதில்தான் சாறு வைப்பார்கள். நானே போய்க் கேட்டுக்கொண்டு வந்தேன்" என்றாள். அலமு வாங்கிக்கொண்டாள்.

மாண்ட்ரியால் திரும்பியதும் எல்லாம் பழையபடி நடந்தது, ஒன்றைத் தவிர. நவம்பரில் அவருடைய துறையில் யாரோ ஓய்வு பெற்றதற்கு விருந்து. ஜம்புநாதன் பாலாடைக்கட்டி வைத்த ஒரு பணியாரத்தைக் கடித்து, நிதானமாக மென்று, அவளைப் பார்த்துத் தலையாட்டினார். அவள் தட்டைக் கீழே வைத்தாள். அன்று தண்ணீர் மட்டும் குடித்தாள். அடுத்த விருந்திலும் அப்படியே. பஸ்ஸில் வீட்டுக்கு வரும்போது, அவர் கையுறையைக் கழற்றுவதும் மாட்டுவதுமாக இருந்தார். "கோவமா?" என்றார் ஒரு நாள். "கோவமில்லைன்னா. பயமா இருக்கு" என்றாள் அவள்.

டிசம்பரில் ஒரு சனிக்கிழமை, வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. சைனாடவுனுக்குப் போயிருந்த அவர், கேட்காமலே ஒரு பெரிய வெள்ளை முள்ளங்கியை வாங்கிக்கொண்டு வந்து சமையல் மேடையில் வைத்தார். அலமு வெகுநேரம் அதைப் பார்த்தாள். பிறகு அலமாரியின் மேல்தட்டிலிருந்து ஹயாஷி அம்மாளின் பொட்டலத்தை இறக்கினாள். கருப்புப் பட்டையை ஊறவைத்தாள், முள்ளங்கியைக் கனமாக வில்லை போட்டாள், அடுப்பைச் சின்னதாக எரியவிட்டாள். ரேடியேட்டர் முனகிக்கொண்டிருந்தது. மணம் வந்தது. அதே மணமில்லை, ஆனால் அதன் திசையிலிருந்துதான் வந்தது. அவளுடைய நாக்கு அதை அடையாளம் கண்டுகொண்டது. தனக்கும் இப்போது மறக்காத நாக்கு என்று நினைத்தாள்.

ஜம்புநாதன் மேஜையில் வந்து உட்கார்ந்து, பழக்க தோஷத்தில் ஸ்பூனைக் கையில் எடுத்தார். அலமு ஒரே ஒரு கிண்ணத்தில் ஊற்றி எடுத்து வந்தாள். அவர் முன்னால் வைக்கவில்லை. எதிரே உட்கார்ந்தாள். ஆவி அவள் முகத்தில் படிந்தது. கிண்ணத்தை இரண்டு கையாலும் தூக்கி, முதல் வாயை அவளே உறிஞ்சினாள்.

அவர் ஸ்பூனைப் பிடித்தபடி, மூச்சையும் பிடித்துக்கொண்டு, அவள் தலையையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.