கோதண்டபாணி வந்துகொண்டிருக்கிறார்

அப்பா இறந்து எட்டு மாதம் ஆகிறது. இன்று காலை அவருக்கு விசாரணை இருந்தது.

தாலுகா அலுவலகத்திலிருந்து மூன்று பேருக்கு நோட்டீஸ் அனுப்பியிருந்தார்கள். அம்மாவுக்கு, தானும் அப்பாவின் மனைவிதான் என்று மனுக்கொடுத்த புஷ்பராணிக்கு, அப்பாவுக்கு. சம்பந்தப்பட்டவரைக் கேட்காமல் வாரிசுச் சான்றிதழ் தருவது நியாயமில்லை என்று அதில் இருந்தது. எனக்கும் சரியாகத்தான் பட்டது. மாலைநேரச் சட்டக் கல்லூரியில் இந்தப் பாடம் நடந்த அன்று நான் தூங்கிவிட்டேன். அதனால் உறுதியாகச் சொல்ல முடியவில்லை.

சான்றிதழ் வரும்வரை குடும்ப ஓய்வூதியம் யாருக்கும் கிடையாது. அம்மா சர்க்கரை மாத்திரையைப் பாதியாக உடைத்து விழுங்குகிறாள்.

துணை வட்டாட்சியர் எங்களை உட்காரச் சொன்னார். அம்மாவின் நாற்காலி ஆடியது. பாரபட்சம் கூடாது என்று புஷ்பராணியின் நாற்காலிக் காலையும் டபேதார் கொஞ்சம் அறுத்துவிட்டார்.

பிறகு வாசலில் நின்று, "கோதண்டபாணி" என்று அப்பாவின் பெயரை மூன்று முறை கூப்பிட்டார்.

"இதோ வந்துட்டேன்," என்று தாழ்வாரத்தின் கோடியிலிருந்து அப்பாவின் குரல் கேட்டது.

அம்மா முந்தானையைச் சரிசெய்துகொண்டாள். புஷ்பராணியும்.

தாழ்வாரம் நீண்டது. நாங்கள் வரும்போது அதில் இரண்டு ஜன்னல்கள்தான் இருந்தன. இப்போது எண்ண முடியவில்லை. என் பார்வையில்தான் கோளாறோ என்று கண்ணாடியைத் துடைத்துப் பார்த்தேன். அப்படியேதான் இருந்தது. அப்பா நில அளவையராக இருந்தவர். எங்கே போனாலும் அளந்தபடி நடப்பார். காலடிச் சத்தம் வந்துகொண்டே இருந்தது. அப்பா வரவில்லை.

"எப்ப சார் ஆர்டர் போடுவீங்க?" என்றாள் அம்மா.

"அவர் வந்ததும் அவரைக் கேட்டுட்டுப் போட்ருவேம்மா."

"வந்துட்டா பென்ஷன் எப்படி சார் வரும்?"

"வராது."

"அவர் வரலேன்னா?"

"வரலேன்னு எழுதிட்டு முடிச்சிருவேன். ஆனா வந்துகிட்டிருக்காரே."

அம்மா வாசலுக்குப் போனாள். தாழ்வாரத்தை எட்டிப் பார்த்தாள். பிறகு, "நீங்க வர வேண்டாங்க, திரும்பிப் போயிடுங்க," என்றாள்.

காலடிச் சத்தம் நின்றது.

அதிகாரி பேனாவைத் திறந்தார். மூடினார். "அந்தம்மாவுக்கும் ஒரு வாய்ப்புத் தரணும்," என்றார்.

"நானும் போகச் சொல்லணுமா? ஒவ்வொரு ஞாயித்துக்கிழமையும் அக்கா வீட்டுக்குப் போயிட்டு வாங்கன்னு அனுப்பினவ நான்தான சார்," என்றாள் புஷ்பராணி. அம்மாவின் பக்கத்தில் போய் நின்றாள். "பாத்து வாங்க. தரை வழுக்கும்."

சத்தம் மறுபடி தொடங்கியது.

"புத்தியிருக்காடி உனக்கு? உனக்கும்தான் பென்ஷன் போச்சு," என்றாள் அம்மா.

"தெரியும்க்கா."

அதிகாரி என்னைப் பார்த்தார். "வாரிசுல உன் பேரும் இருக்கும்மா. நீயும் ஏதாவது கேளு."

கேட்க வேண்டியதை நேற்றே பலமுறை சொல்லிப் பார்த்திருந்தேன். இவர்களில் யார் உங்கள் மனைவி? அவ்வளவுதான். ஆனால் வாயைத் திறந்தபோது வேறு வந்தது.

"அப்பா, சாப்டீங்களா?"

"இன்னும் இல்லம்மா."

அதிகாரி எழுதி, எங்களுக்குப் படித்துக் காட்டினார். "இறந்தவர் தரப்பு கேட்கப்பட்டது. அவர் இன்னும் சாப்பிடவில்லை."

"கேட்டாச்சுல்ல சார், ஆர்டர் போடலாமே," என்றேன்.

"பசியோட இருக்கறவரை விசாரிச்சா நாளைக்கு அப்பீல்ல நிக்காதும்மா. சாப்பிடட்டும்." உணவு இடைவேளை விட்டார்.

அம்மா டப்பாவைத் திறந்து, மூடியில் எலுமிச்சை சாதம் எடுத்து வாசலில் வைத்தாள். புஷ்பராணி புளிசாதம் வைத்தாள். இரண்டும் ஒரே அளவா என்று டபேதார் குனிந்து பார்த்தார். அம்மாவுடையதில் கொஞ்சம் கூடுதல். எடுக்கச் சொன்னார். அம்மா எடுக்கவில்லை. புஷ்பராணி தன்னுடையதில் இன்னொரு பிடி வைத்தாள்.

அம்மா பாதி மாத்திரையை விழுங்கிவிட்டாள். உடனே சாப்பிட்டாக வேண்டும்.

"நீ சாப்பிடும்மா," என்றேன்.

"அவர் வரட்டும்," என்றாள்.