சிறப்பு விருந்தினர் லேட்

விஜயபாஸ்கர் திரைக்கயிற்றை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றான். இழுத்தால் நாடகம் போகும். இழுக்காவிட்டால் வேலை போகும்.

அரங்கின் வாசலில் உடையப்பன் முதலாளி நுழைந்துகொண்டிருந்தார். இன்றைய சிறப்பு விருந்தினர். ஒரு மணி நேரம் லேட். விழாச் செலவு அவருடையது. அதைவிடப் பெரிய சங்கதி, தமிழ் மன்றச் செயலாளரான விஜயபாஸ்கரின் விசாவும் அவருடைய கம்பெனியில்தான் இருந்தது.

துபாயில் அந்த மன்றத்துக்கென்று ஒரு முறை உண்டு. சிறப்பு விருந்தினர் எப்போது வந்தாலும், மேடையில் கொலையே நடந்துகொண்டிருந்தாலும், திரையைப் போட்டுவிட வேண்டும். பொன்னாடை, பூங்கொத்து, அவருடைய பேச்சு. அப்புறம் விட்ட இடத்திலிருந்து கொலை தொடரும். போன வருஷம், 2005-ல், நாடகம் முடியட்டும் என்று வேறொரு முதலாளியைக் காக்கவைத்த செயலாளர் அடுத்த மாதமே ஊருக்குப் பெட்டி கட்டினார்.

ஆனால் மேடையில் இருந்தவர் சீதாலட்சுமி.

அமெரிக்காவில் அண்ணன் வீட்டில் போய் இறங்கி, பகலில் பல் டாக்டரிடம் போன் எடுக்கிற வேலை பார்த்து, மாலையில் ஒரு சர்ச்சின் நிலவறையில் மடக்கு நாற்காலிகளுக்கு முன்னால் ஆரம்பித்தவர். தானே எழுதி, தானே நடித்து, நியூயார்க்கின் சின்ன அரங்குகளை நிரப்பும் அளவுக்கு வளர்ந்துவிட்டார். எல்லாம் நகைச்சுவை. எல்லாம் ஆங்கிலம். தமிழில் மேடையேறுவது இதுதான் முதல் தடவை.

மதியமே அவரிடம் பக்குவமாகச் சொல்லிப் பார்த்திருந்தான்.

"தம்பி, சிரிப்பு பால் மாதிரி. பொங்குறப்போ அடுப்பை அணைச்சா அவ்வளவுதான். நடுவுல திரை விழுந்தா நான் நேரா ஏர்போர்ட்டுக்குப் போயிடுவேன்."

சொன்னால் செய்கிற முகம்.

இப்போது பால் பொங்கிக்கொண்டிருந்தது. வராத புருஷனுக்காகச் சாம்பாரைத் திரும்பத் திரும்பச் சுட வைக்கிற பெண்டாட்டியின் கதை. மாமியார், பக்கத்து வீட்டுக்காரி, பெண்டாட்டி மூவரும் சீதாலட்சுமியே. முவைலா தொழிலாளர் கேம்ப்பிலிருந்து பஸ்ஸில் வந்தவர்கள் பின்வரிசையில் தொடையைத் தட்டிச் சிரித்தார்கள்.

பொன்னாடையோடு நின்ற பொருளாளர் சரவணகுமார் பல்லைக் கடித்தான். "இழுய்யா. நாலாவது வரிசைக்கு வந்துட்டார்."

"இழுத்தா அந்தம்மா போயிடும்."

"அந்தம்மா போனா அமெரிக்கா. நீ போனா பட்டுக்கோட்டை. யோசிச்சுக்க."

விஜயபாஸ்கர் யோசித்தான். வீட்டுக் கடன், தங்கச்சி கல்யாணம், பட்டுக்கோட்டை. கயிற்றை இழுத்தான். திரை ஒரு முழம் அசைந்தது.

அதற்குள் சீதாலட்சுமி கரண்டியோடு மேடை விளிம்புக்கு வந்துவிட்டார். நடைவழியில் நின்ற உடையப்பனை மேலிருந்து கீழாக ஒரு பார்வை.

"வாங்க. இப்பத்தான் வழி தெரிஞ்சுதா?"

சிரிப்பில் கூரை பெயர்ந்தது.

"சாம்பாரை எத்தனை தடவைதான் சுட வைக்கிறது? அது செத்துப் போச்சு. மேல வந்து அதுக்கு ஒரு பொன்னாடை போர்த்துங்க."

விஜயபாஸ்கரின் கை கயிற்றிலேயே ஒட்டிக்கொண்டது. முதலாளியை இப்படிப் பேசியவர் எவரும் எமிரேட்ஸில் இல்லை. உடையப்பன் திரும்பிப் போகப் போகிறார் என்றுதான் நினைத்தான். அவர் படியேறினார்.

சீதாலட்சுமி சரவணகுமார் கையிலிருந்து பொன்னாடையைப் பிடுங்கி, சாம்பார்ச் சட்டிக்கும் அவருக்குமாக இரண்டு தடவை அளவு பார்த்துவிட்டு, அவர் தோளில் போட்டார். முக்காலியில் உட்கார வைத்தார்.

"போறப்போ என்ன சொல்லிட்டுப் போனீங்க?"

மைக் உடையப்பனின் முணுமுணுப்பையும் பிடித்தது. "ஒரு வருஷத்துல வந்துடுறேன்னு."

பின்வரிசை எழுந்து நின்று விசிலடித்தது. அந்த வசனத்தை ஊரில் சொல்லிவிட்டு வராதவன் அங்கே ஒருவனும் இல்லை.

"அப்புறம்?"

"சைட்ல வேலை முடியலை."

"எப்படி முடியும்? இந்த ஊர்ல கட்டடம் வளருது, மனுஷன்தான் குட்டையாப் போறான்."

தட்டை நீட்டினார். உடையப்பன் தலைகுனிந்து சாப்பிட்டார். கைதட்டலில் நாடகம் முடிந்தது. அப்போதுதான் விஜயபாஸ்கர் கயிற்றை முழுசாக இழுத்தான். இழுத்ததும் பார்க்கிங்குக்கு ஓடினான்.

டிரைவர் கௌஸ் முகைதீன் வழிமறித்தார். "பாத்துப் பேசுங்க பாஸ்கர். முதலாளி ஒரு மாதிரி இருக்கார். நாங்க வந்ததென்னவோ சரியான நேரத்துக்குத்தான். உள்ள போகாம வண்டியிலேயே உக்காந்திருந்தார்."

கார்க் கண்ணாடி இறங்கியது.

"சார், மன்னிக்கணும். அந்தம்மா எழுதிக் குடுத்த நாடகத்துல நீங்க வர்ற கட்டமே கிடையாது. சத்தியமா எங்க ஏற்பாடு இல்ல."

"தெரியும்."

"என் விசா..."

"உன் வேலைக்கு ஒண்ணுமில்ல. அவளைப் பத்திரமா ஹோட்டல்ல கொண்டு போய் விடு."

விஜயபாஸ்கர் நகரவில்லை. அமெரிக்காவிலிருந்து வந்த அம்மாவை முதலாளி 'அவளை' என்கிறார்.

உடையப்பன் பொன்னாடையை மடியில் வைத்து மடித்துக்கொண்டிருந்தார். நிமிராமலே சொன்னார்.

"எழுபத்தெட்டுல சிவகங்கையில தாலி கட்டி, மூணாம் மாசம் பம்பாயில கப்பல் ஏறினேன். ஒரு வருஷத்துல வந்துடுறேன்னு நான் சொன்னது அவகிட்டதான்."