வெட்டு வைத்த கம்பு

வெள்ளைத் துணி தேடுவதாகச் சொல்லிவிட்டு உள்ளறைக்கு வந்தவள், கதவைத் தாழ் போட்டுக்கொண்டு, கொடித்துணிகளைக் கம்பிலிருந்து பிரிக்க ஆரம்பித்தாள். சிவப்பு ஒன்று, பச்சை ஒன்று. பதினெட்டு வருஷம் தண்டவாளம் பார்த்த புருஷனின் பழைய கொடிகள். சாயம் கொஞ்சம் போயிருந்தது. ஆனாலும் கண்ணுள்ளவனுக்குச் சிவப்பு சிவப்புதான்.

சிவப்புக் கொடியின் கம்பில் கைப்பிடிக்கு மேலே கத்தியால் போட்ட ஒரு வெட்டு இருக்கும். அவள் அண்ணனுக்காகப் புருஷன் போட்ட வெட்டு அது. அண்ணன் ரயில் டிரைவர். ஆமாம், முந்தாநாள் புருஷன்மேல் வண்டியை விட்டாரே, அதே அண்ணன்தான்.

அண்ணனுக்குச் சிவப்பும் பச்சையும் ஒன்று. டிரைவர் வேலைக்குக் கண் சோதனை கெடுபிடியானது. புள்ளிப் புள்ளியாக இருக்கும் படத்துக்குள் ஒளிந்திருக்கும் எண்ணைச் சொல்ல வேண்டும். சொல்லத் தெரியாவிட்டால் பரீட்சையில் முதல் ஆளாக வந்தாலும் வீட்டுக்குத்தான். அப்போது மச்சான் மாப்பிள்ளை இருவருக்கும் ஒரே ஒல்லி, ஒரே மீசை. "என் அண்ணன் வாழ்க்கைங்க" என்று புருஷன் காலைப் பிடித்தவள் இவள்தான். அவர் இரண்டு நாள் முடியாது என்றார். மூன்றாம் நாள் மச்சான் பெயரில் போய் எண்களைக் கடகடவென்று சொல்லிவிட்டு வந்தார். பிறகு வந்த மறுசோதனை மூன்றுக்கும் அவரே போனார்.

வேலை கிடைத்ததும் இந்தக் கூடத்தில்தான் பாடம் நடந்தது. சிக்னல் விளக்கில் கீழே இருப்பது சிவப்பு, மேலே இருப்பது பச்சை. நீ கையில் எடுக்கும் கொடி என்றால் வெட்டைத் தடவிப் பார். லைனில் யாராவது கொடி காட்டினால் பக்கத்திலிருக்கும் உதவியாளர் வாயைத் திறக்கும்வரை காத்திரு. இப்படியே பத்து வருஷம் ஓட்டியாயிற்று. முந்தாநாள் உதவியாளர் என்ஜினின் பின்பக்கம் போயிருந்தார். எதிரே தண்டவாள நடுவில் சிவப்புக் கொடியோடு ஒருத்தர் நின்றார்.

"பச்சைதான் காட்டினார்" என்று அண்ணன் விசாரணையில் எழுதிக் கொடுத்திருந்தார். துணிந்து பொய் சொல்லியிருந்தால்கூட அவள் மன்னித்திருப்பாளோ என்னவோ. பார்த்தது எந்த நிறம் என்றே தெரியாமல் பச்சை என்று அடித்து எழுதியிருந்தார். தன் கண் எப்படிப்பட்டது என்று தெரியாதவரா அவர்? செத்தவர் தலையில் பழியைப் போட்டுவிட்டு, வாசலில் நின்று வருகிறவர்களுக்குக் கைகொடுத்துக்கொண்டிருந்தார். பாவி!

வெட்டு இருந்த கம்பில் பச்சைத் துணியை வைத்துத் தைத்தாள். சிவப்பை மற்றதில் தைத்தாள். பல்லால் நூலைக் கடித்துவிட்டு இரண்டையும் சுவரோரம் சாத்திவைத்தாள்.

கூடத்தில் விசாரணை அதிகாரி ஃபைலை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். சாவு வீட்டிலும் ஒரு கையெழுத்து வேண்டுமாம். லைன் ஆட்களின் மேஸ்திரி எழுந்தார்.

"கொடி வெச்சிடலாமாம்மா? நேரமாகுது."

லைனில் செத்தவர் நெஞ்சில் அவருடைய சிவப்புக் கொடியை விரிப்பது அவர்கள் வழக்கம். சிவப்பு கிடந்தால் இனி எந்த வண்டியும் அவரைத் தாண்டாது என்பார் மேஸ்திரி.

"அண்ணன் எடுத்துட்டு வரட்டும். உள்ள சுவரோரமா ரெண்டும் இருக்கு. மச்சான்னா அவருக்கு உசிரு."

அண்ணனுக்குக் கண் கலங்கிவிட்டது. தங்கச்சி மன்னித்துவிட்டாள் என்று நினைத்திருப்பார். உள்ளே போனார். அவர் கட்டைவிரல் கம்பில் ஏறி இறங்குவது அவளுக்கு இங்கிருந்தே தெரிந்தது.

இரண்டு கையாலும் ஏந்தி, பச்சைக் கொடியைக் கொண்டுவந்தார்.

"ஐயய்யோ" என்றாள் யாரோ ஒரு பெண். மேஸ்திரி பதறிப்போனார். "என்னப்பா இது, இதைப் போயி..."

"இருங்க மேஸ்திரி. அண்ணா, அது என்ன கலர்?"

"என்ன பாப்பா கேள்வி இது? சிவப்பு." விரல் இன்னும் வெட்டின்மேல்தான் இருந்தது.

அவள் அதிகாரி பக்கம் திரும்பினாள்.

"எழுதிக்கோங்க சார். கண் டெஸ்டுக்கு இவர் ஒரு தடவைகூடப் போகல. நாலு தடவையும் என் வீட்டுக்காரர்தான் போனார். போகச் சொல்லிக் கால்ல விழுந்தது நான்."

அதிகாரி குரலைத் தாழ்த்தினார். "யோசிச்சுச் சொல்லும்மா. உன் வீட்டுக்காரர் பேரும் கெடும்."

"கெடட்டும் சார். செஞ்ச தப்புக்குக் கெடட்டும். பச்சை காட்டினார்னு கெட வேணாம்."

"பாப்பா..." என்றார் அண்ணன். "என் பிள்ளைங்களை நினைச்சுப் பாரு பாப்பா."

"நீ எழுதிக் கொடுத்தப்ப என் பிள்ளைங்களை நினைச்சியாண்ணா?"

அவள் உள்ளே போய்ச் சிவப்புக் கொடியை எடுத்துவந்தாள். கம்பைக் கழற்றிவிட்டுப் புருஷன் நெஞ்சில் விரித்து, மடிந்திருந்த ஒரு மூலையை நீவிவிட்டாள். அதிகாரியின் பேனா காகிதத்தில் ஓடிக்கொண்டிருந்தது.

அண்ணன் பச்சைக் கொடியை ஏந்தியபடியே நின்றார். அதைக் கீழே வைக்கும்படி யாரும் சொல்லவில்லை.