ஐயம்பெருமாள் கொன்ற ஒன்பது பேர்

ஐயம்பெருமாள் இரண்டு மாதத்தில் ஒன்பது பேரைக் கொன்றிருந்தார். பயந்துவிடாதீர்கள், எல்லாம் கணினிக்குள்தான். கதாயுதத்தைத் தோளில் போட்டு நின்ற கதவுக்காவலன், சதுப்பில் படுத்திருந்த ஈர ஓநாய், மணியை ஆட்டி ஆட்டி அடிக்க வந்த குருட்டுப் பூசாரி என்று ஒவ்வொருத்தனும் ஆள் உயரத்துக்கு மூன்று மடங்கு. இருபத்தோரு வருஷம் பேருந்து ஓட்டிய மனுஷன், நாற்பத்து நாலு வயதில், லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு இவர்களோடு மல்லுக்கு நின்றார் என்றால், அதற்குக் காரணம் அவருடைய இடது கைக் கட்டைவிரல்.

ஆழ்வார்குறிச்சி ரோட்டில் எவனோ உளுந்துச் செடியைக் காயப்போட்டிருந்தான். பைக் வழுக்கி விழுந்ததில் மணிக்கட்டு உடைந்தது. எலும்பு கூடிவிட்டது, கட்டைவிரல்தான் சொன்ன பேச்சு கேட்கவில்லை. டிரைவருக்கு இடது கை என்றால் கியர். மணிமுத்தாறுக்கு மேலே மலையேறுகிற வண்டியில் கியர் பிசகினால் என்ன ஆகும் என்பதை நான் விளக்க வேண்டியதில்லை.

அந்த மலை வண்டியை ஒன்பது வருஷமாக அவர்தான் ஓட்டினார். அங்கே சில வளைவுகளை ஒரே மூச்சில் திருப்ப முடியாது. கொஞ்சம் ஏறி, நிறுத்தி, பள்ளத்தின் விளிம்பு வரை பின்னால் வந்து, மறுபடி ஏற வேண்டும். கண்ணாடியில் வெறும் ஆகாயம்தான் தெரியும். அப்போது கண்டக்டர் இறங்கிப் பின்னால் நின்று ‘வரலாம், வரலாம்’ என்று குரல் கொடுப்பார். வண்டியை இரண்டு தட்டுத் தட்டினால் நிறுத்து என்று அர்த்தம். டிரைவர் அந்தக் குரலை நம்பித்தான் வரவேண்டும். தலையை வெளியே நீட்டிச் சரிபார்த்தால் அது கண்டக்டரை அவமானப்படுத்துவது என்பது அந்த வழித்தடத்துக்காரர்களின் எழுதாத சட்டம். ஐயம்பெருமாள் ஒருநாள் கூடத் தலையை நீட்டியதில்லை. ஒன்பது வருஷமும் பின்னால் நின்று குரல் கொடுத்தவன் சல்மான் ஃபாரிஸ்.

ஃபாரிஸ் பொட்டல்புதூர்க்காரன். முப்பத்திரண்டு வயது, வாய் ஓயாது. அவன்தான் ஒரு நாள் சாயங்காலம் தன் மடிக்கணினியையும் கைக்கு அடக்கமான ஒரு கன்ட்ரோலரையும் தூக்கிக்கொண்டு அம்பாசமுத்திரத்தில் இவர் வீட்டுக்கு வந்தான்.

“அண்ணாச்சி, ஆஸ்பத்திரியில ரப்பர் பந்தைப் பிசையச் சொல்லுதாங்கள்லா, அதை விட இது நல்ல பயிற்சி. இந்தக் குமிழை இடது கட்டைவிரலாலதான் உருட்டணும். விரல் தாமதிச்சா செத்தீங்க. ஆளைக் கொல்லுற விளையாட்டு இது. ஆனா புதுசா வாரவங்களுக்குத் தோதான பாஸுங்களும், அதாவது பெரிய எதிரிங்களும், இருக்கானுவ. அடிக்க முந்தி ஆயுதத்தை நல்லா ஓங்கிக் காட்டுவானுவ. நீங்க ஒண்ணு, ரெண்டு எண்ணிட்டு உருண்டு தப்பிச்சிரலாம்.”

டிக்கெட் கணக்கு எழுதுகிற டிரிப் ஷீட்டின் பின்பக்கத்தில் ஒன்பது பெயரை வரிசையாக எழுதியும் கொடுத்தான். மேலே ‘அடிக்கத் தோதான ஆளுங்க’ என்று தலைப்பு வேறு.

முதல் நாள் கதவுக்காவலன் ஐயம்பெருமாளைப் பதினொரு தடவை கொன்றான். ஒவ்வொரு தடவையும் அவன் ஓங்குவது தெரிந்தது, எண்ணவும் எண்ணினார், விரல்தான் நகரவில்லை. கன்ட்ரோலரை வீசிவிட்டு முகம் கழுவிவருகிறேன் என்று கொல்லைப்புறம் போனார். திரும்பி வர நேரமானது.

“இன்னும் ஒரே ஒரு வாட்டி அண்ணாச்சி, எனக்காக” என்றான் ஃபாரிஸ். பன்னிரண்டாவது ஆட்டத்தில் காவலன் மண்ணைக் கவ்வினான். ஃபாரிஸ் எழுந்து நின்று கைதட்டினான். “நல்லா ஆடுனீங்க அண்ணாச்சி! விரல் ஓடுது பாருங்க!” சமையலறையிலிருந்து எட்டிப்பார்த்த நீலாம்பாள், புருஷன் சிரிப்பதைப் பார்த்து வாசல்படியிலேயே நின்றுவிட்டாள். விபத்துக்குப் பிறகு அந்த வீட்டில் கேட்ட முதல் சிரிப்பு அது.

அதற்கப்புறம் வாரத்துக்கு ஒருவன். நாலு மணிக்கு டூட்டி முடிந்து ஃபாரிஸ் வருவான், நீலாம்பாள் காப்பி போடுவாள், ஐயம்பெருமாள் கொல்லுவார். ஒவ்வொரு சாவுக்கும் ‘நல்லா ஆடுனீங்க அண்ணாச்சி’ தவறாமல் கிடைக்கும். பட்டியலில் ஒவ்வொரு பெயராக அடித்தார். ஐந்தாவது பெயரை அடித்த அன்றைக்கு இப்படிச் சொன்னார்: “ஏலே ஃபாரிஸு, திருநெல்வேலி ஆஸ்பத்திரிக்கு இனிமே போகலைலே. பந்தைப் பிசைஞ்சு என்னத்துக்கு? என் விரலு எனக்குத் தெரியாதா?”

ஃபாரிஸ் காப்பியைக் குடித்தான். ஒன்றும் சொல்லவில்லை. அந்த மௌனத்தைத் தயவுசெய்து ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

ஒன்பதாவது ஆளும் விழுந்த மறுநாள், மலை வண்டிக்குத் தகுதிச் சோதனை வைக்கும்படி பணிமனையில் எழுதிக்கொடுத்தார். தேறினால் பழைய வழித்தடம். தேறாவிட்டால் வேறு டிரைவரை அதில் நிரந்தரமாகப் போட்டுவிடுவார்கள். இவருக்குப் பணிமனைக்குள்ளேயே ஏதாவது ஓர் இலகு வேலை. “தேறாம என்ன?” என்று நீலாம்பாளிடம் நெஞ்சை நிமிர்த்திச் சொல்லிவிட்டு, வெள்ளிக்கிழமை காலையில் காக்கியைத் தேய்த்துப் போட்டுக்கொண்டு போனார்.

ஒரு பழைய வண்டியை ஏற்றமான ரோட்டுக்குக் கொண்டுபோனார்கள். பக்கத்தில் உட்கார்ந்தவர் பணிமனைப் பொறியாளர் கோமதிசங்கர், நல்ல மனுஷன்தான். மூன்றிலிருந்து இரண்டுக்கு மாற்றச் சொன்னார். ஐயம்பெருமாள் ஒன்று, இரண்டு என்று எண்ணினார். கட்டைவிரல் பிடிக்கவில்லை. கியர் கரகரவென்று கத்தியது, எஞ்சின் நின்றது, வண்டி பின்னால் உருண்டது. பிரேக்கை மிதித்து நிறுத்துவதற்குள் பத்தடி. மலையில் அந்தப் பத்தடிக்கு வண்டியே கீழே போயிருக்கும்.

இன்னும் இரண்டு தடவை கேட்டு வாங்கி முயன்றார். இரண்டும் அதே கதைதான்.

“விடும் வே” என்றார் கோமதிசங்கர். “அவசரப்பட்டுட்டீரு. உம்ம கண்டக்டர் மூணு வாரத்துக்கு முந்தியே வந்து சொன்னாரு, அண்ணாச்சி கை இன்னும் தேறலை, மலைக்கு விட்டுராதீங்கன்னு. நான்தான் உம்ம மனசு நோவக் கூடாதேன்னு ஒரு வாய்ப்புக் குடுத்தேன்.”

ஐயம்பெருமாளுக்கு முதலில் புரியவில்லை. மூன்று வாரத்துக்கு முன்னால் என்றால் அது குருட்டுப் பூசாரி விழுந்த வாரம். அன்றைக்கு இதே ஃபாரிஸ், “விரலா அண்ணாச்சி இது, மின்னலு!” என்று சொல்லி, தோளைத் தட்டிவிட்டுப் போனவன். மின்னல் என்று வீட்டில் சொன்ன வாய், தேறவில்லை என்று ஆபீசில் எப்படிச் சொல்லும்? பஸ் ஸ்டாண்டிலிருந்து வீடு வரை வெயிலில் நடந்தே வந்தார். ஆட்டோக்காரன் கூப்பிட்டது கூடக் காதில் விழவில்லை.

வீட்டுக்கு வந்ததும் காக்கியைக் கூடக் கழற்றாமல் மடிக்கணினியைத் திறந்தார். விளையாட்டுக்குள் போகாமல், அதுவரை தொட்டே பார்க்காத ‘செட்டிங்ஸ்’ என்ற இடத்துக்குப் போனார். ஏன் அதுவரை தொடவில்லை என்றா கேட்கிறீர்கள்? ஃபாரிஸ் வைத்துக்கொடுத்ததை எதற்குச் சரிபார்க்க வேண்டும்? தலையை நீட்டிப் பார்க்கிற வழக்கம்தான் அவருக்கு இல்லையே.

ஆங்கிலத்தில்தான் இருந்தது, எழுத்துக்கூட்டிப் படித்தார். புதியவர்களுக்கான உதவி: ஆன். எதிரியின் வேகம்: பாதி. எதிரியின் அடி: கால்வாசி. தானாகத் தப்பித்தல்: ஆன்.

கடைசி வரியை மட்டும் திரும்பத் திரும்பப் படித்தார். தானாகத் தப்பித்தல். அடி விழப்போகிற நேரத்தில் இவர் விரல் அசைந்தாலும் அசையாவிட்டாலும் திரையில் இவருடைய ஆள் தானாகவே உருண்டுகொள்வான். ஒன்பது பேரையும் கொன்றது இவர் இல்லை. இவர் சும்மா பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்திருக்கிறார், அவ்வளவுதான்.

நான்கையும் அணைத்துவிட்டு, ஆட்டத்தை முதலிலிருந்து தொடங்கிக் கதவுக்காவலன் முன்னால் போய் நின்றார். இரண்டே அடி, ஆள் காலி. மறுபடி போனார், அப்போதும் இரண்டு அடி.

நாலு மணிக்கு வழக்கம்போல ஃபாரிஸ் வந்தான். பணிமனையில் சேதி தெரிந்திருக்க வேண்டும், முகம் செத்துப்போயிருந்தது. திரையைப் பார்த்ததும் செருப்பைக் கழற்றாமல் வாசலிலேயே நின்றான்.

“எப்பம்லே வச்சே இதை?”

“அண்ணாச்சி...”

“எப்பம்னு கேட்டேன்.”

“முதல் நாளு. நீங்க கொல்லைக்குப் போனப்போ.” என்றான் ஃபாரிஸ். “பின்னாலயே வந்தேன் அண்ணாச்சி. குழாயைத் திறந்துவிட்டுட்டு அழுதீங்க. என்னால பாக்க முடியலை. ஒரு வாரம் சிரிக்கட்டும், பிறகு பைய எடுத்துரலாம்னுதான் வச்சேன். அல்லா சத்தியமா அவ்வளவுதான்.”

“ஒரு வாரம் ஆச்சுல்லா? ஏன் எடுக்கல?”

“ஒவ்வொரு நாளும் எடுக்கணும்னுதான் வந்தேன். நீங்க வாசல்ல வந்து காத்துக்கிட்டு இருப்பீங்க.”

“ஆஸ்பத்திரிக்குப் போகலைன்னு சொன்னேனே, அன்னைக்காவது வாயைத் திறந்தியாலே? ரெண்டு பந்தைப் பிசைஞ்சிருந்தா இந்நேரம் விரல் திரும்பியிருக்கும். காப்பியைக் குடிச்சிக்கிட்டு உக்காந்திருந்தியே!”

ஃபாரிஸ் அழுதான். நீலாம்பாள் குறுக்கே வந்து, “தம்பி வேணும்னா செஞ்சது? உங்க மேல உள்ள பிரியத்துல...” என்று தொடங்கினாள்.

“நீ சும்மா இரு. ஏலே, ஆபீஸ்ல போய்ச் சொன்னியே, அது என்ன பிரியம்?”

“நாப்பது பேரு ஏறுற வண்டி அண்ணாச்சி.” இதை மட்டும் ஃபாரிஸ் நிமிர்ந்து பார்த்துச் சொன்னான். “அதுல பொய் சொல்ல முடியாது.”

“சரிதாம்லே. அங்கன நீ சொன்னதுல ஒரு தப்பும் இல்ல. நானா இருந்தாலும் சொல்லியிருப்பேன்.” ஐயம்பெருமாளின் குரல் இறங்கிவிட்டது. அவர் கத்திக்கொண்டே இருந்திருக்கலாம் என்று நீலாம்பாளுக்குத் தோன்றியது. “நாப்பது பேருக்கு உண்மை, எனக்கு மட்டும் கைதட்டல். ஒன்பது வருஷம் நீ பின்னால நின்னு ‘வரலாம்’னு சொல்லுவே, பள்ளத்துக்கு வண்டியை விட்டிருக்கேன். ஒரு நாளு திரும்பிப் பாத்திருப்பேனா?”

“இல்ல அண்ணாச்சி.”

“பின்னால பள்ளம்னு தெரிஞ்சும் வரலாம் வரலாம்னு கையைத் தட்டியிருக்கியே, பாவி.”

ஃபாரிஸ் முகத்தைத் துடைத்துக்கொண்டான். பிறகு, “கம்ப்யூட்டரை எடுத்துட்டுப் போகவா?” என்றான்.

“வச்சிட்டுப் போ. அதுமேல எனக்கு ஒரு கோவமும் இல்ல.”

“மதினி, நான் வாரேன்” என்று நீலாம்பாளிடம் மட்டும் சொல்லிக்கொண்டு போனான்.

ஐயம்பெருமாளுக்கு இலகு வேலையாகப் பணிமனை வாசலைக் கொடுத்தார்கள். உள்ளே வருகிற, வெளியே போகிற வண்டிகளின் எண்ணை எழுத வேண்டும். மலை வண்டி காலையில் ஆறு பத்துக்கு வெளியே போகும். புது டிரைவர் கையைத் தூக்குவார், இவரும் தூக்குவார். பின்படியில் நிற்கிற ஃபாரிஸ் தலையைக் குனிந்துகொள்வான். இவர் நேரத்தை எழுதிவிட்டுக் கேட்டைச் சாத்துவார்.

வாரம் மூன்று நாள் திருநெல்வேலி ஆஸ்பத்திரிக்கு மறுபடியும் போனார். ஒரு மாசத்துக்கு மேல் விட்டதற்கு ஆறு மாசமாவது ஆகும் என்று சொல்லிவிட்டார்கள். வீட்டுக்கு வந்தால் கதவுக்காவலன். உட்காரும் முன்னால் ஒவ்வொரு நாளும் செட்டிங்ஸைத் திறந்து நாலும் அணைந்துதான் இருக்கிறதா என்று பார்ப்பார். பழைய டிரிப் ஷீட்டில் அடித்த ஒன்பது பெயர்களுக்குக் கீழே, செத்த கணக்கைக் கோடு கோடாகப் போட்டுவந்தார். இடம் போதாமல் இன்னொரு தாளை ஒட்ட வேண்டியதாயிற்று.

நாலாவது மாதத்தில் ஒரு சனிக்கிழமை. காவலன் கதாயுதத்தை ஓங்கினான். ஒன்று, இரண்டு. கட்டைவிரல் குமிழை இடப்பக்கம் தள்ளியது. ஆயுதம் தரையில் அடித்தது, ஆளின் மேல் படவில்லை. மறுபடி ஓங்கினான், மறுபடி தள்ளினார். நூற்று அறுபத்து மூன்று தடவை செத்த பிறகு, நூற்று அறுபத்து நாலாவது ஆட்டத்தில் கதவுக்காவலன் முழங்கால் மடங்கி விழுந்தான்.

ஐயம்பெருமாள் கத்தவில்லை. முதல் காரியமாகச் செட்டிங்ஸைத் திறந்து பார்த்தார். நாலும் அணைந்துதான் இருந்தன. மூடிவிட்டு, நம்பாமல் இன்னொரு தடவை திறந்தும் பார்த்தார். அதற்கப்புறம்தான், “ஏட்டி, இங்கன வா!” என்று கூப்பிட்டார்.

நீலாம்பாள் கரண்டியோடு ஓடிவந்தாள். திரையையும் அவர் விரலையும் பார்த்து அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. “நிசமாவா? நீங்களேவா?”

“நானேதான்.”

“அப்ப ஃபாரிஸ் தம்பிக்கு ஒரு போன் போட்டுச் சொல்லுங்க. பாவம், வாசல் வரைக்கும் வந்துட்டுத் திரும்பிப் போகுது, நான் பாத்தேன். இது ஒண்ணைக் கேட்டாப் போதும் அதுக்கு.”

போனை எடுத்தார். ஃபாரிஸ் பெயர் வரைக்கும் போனார். பெயரைப் பார்த்துவிட்டு, போனைக் கவிழ்த்து வைத்தார்.

“ஏங்க? என்ன சொல்லிரப் போகுது அந்தத் தம்பி?”

“நல்லா ஆடுனீங்க அண்ணாச்சின்னு சொல்லுவான்.”

“பிறகென்ன?”

“அதைத்தான் ஒன்பது வாட்டி சொல்லிட்டானே” என்றார் ஐயம்பெருமாள்.